‘ஏ’ கிரேடுக்கு எத்தனை மதிப்பெண்? ஓசூர் மாணவி ஒருவரின் கலந்தாய்வு விண்ணப்பம்: ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

ஓசூரில் பிளஸ் டூ முடிக்கும் பிள்ளைகளுக்குப் பொறியியல் கலந்தாய்வு விண்ணப்பத்தில் உதவி செய்யும் சிறிய குழு எங்களுடையது. ஆசிரியர்கள், வங்கிப் பணியில் ஓய்வு பெற்ற ஒருவர், விடுமுறைக்கு ஊர் திரும்பும் கல்லூரி மாணவர்கள் சிலர் என்று மே மாதம் வந்தால் கூடுவோம். எங்களிடம் வருகிறவர்களில் பெரும்பாலானோர் மாநிலப் பாடத்திட்டத்தில் படித்தவர்கள். பதிவெண்ணைப் போட்டால் மதிப்பெண் தானாக வந்து நிற்கும். சி.பி.எஸ்.இ. பிள்ளைகளுக்கும் பெரிய சிக்கல் வராது. சில ஆண்டுகளாக மூன்றாவது வகையும் வரத் தொடங்கியிருக்கிறது. காலையில் பள்ளிப் பேருந்தில் அத்திப்பள்ளி சோதனைச் சாவடியைத் தாண்டி, பெங்களூரு ஓரத்தில் இருக்கும் சர்வதேசப் பள்ளிகளுக்குப் போய்வரும் பிள்ளைகள் இவர்கள். கையில் இருப்பது பிளஸ் டூ நிலையில் உள்ள வெளிநாட்டு வாரியப் படிப்பு: கேம்பிரிட்ஜ் ஏ லெவல் அல்லது ஐ.பி. டிப்ளமா. படிப்புக் குறைந்ததில்லை. ஆனால் முடிவுத் தாளில் இருப்பது எழுத்து; விண்ணப்பம் கேட்பது எண்.

இங்கே பதிவு செய்வது அப்படி வந்த ஒரு மாணவியின் நிகழ்வு. குடும்பத்தின் அனுமதியோடு, அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை விட்டுவிட்டு எழுதுகிறேன்.

அப்பா சிப்காட் பக்கம் சிறிய உதிரிபாகப் பட்டறை நடத்துகிறார். சொந்த ஊர் தருமபுரி மாவட்டத்தில் பாலக்கோடு பக்கம். மகளை வெளிநாட்டில் படிக்கவைக்கும் எண்ணத்தில்தான் ஆறாம் வகுப்பிலேயே சர்வதேசப் பள்ளியில் சேர்த்தார். பிறகு ஆர்டர்கள் குறைந்தன, வங்கிக் கடன் கூடியது. மகள் ஏ லெவல் இரண்டாம் ஆண்டில் இருக்கும்போது வெளிநாட்டுத் திட்டத்தைக் கைவிட்டார்கள். தமிழ்நாட்டிலேயே பொறியியல், அதுவும் கலந்தாய்வு வழியாக என்று முடிவானது. அந்த முடிவு எடுக்கப்பட்டது பிப்ரவரியில். அதற்குப் பிறகு மூன்று மாதம் யாரும் எந்தத் தாளையும் தேடவில்லை என்பது இந்த நிகழ்வில் முக்கியமான செய்தி.

மாணவிக்கு ஒரு விஷயத்தில் நல்ல நேரம். கேம்பிரிட்ஜ் தேர்வு இந்தியப் பள்ளிகளுக்காக பிப்ரவரி–மார்ச்சிலும் நடக்கிறது. அதன் முடிவு மே மாதத்தில் வந்துவிடும். அவர் எழுதியது அந்தத் தேர்வு. மே–ஜூன் தேர்வு எழுதியிருந்தால் முடிவு ஆகஸ்டில்தான் வந்திருக்கும். அதற்குள் கலந்தாய்வுச் சுற்றுகள் ஓடத் தொடங்கியிருக்கும்.

முதல் சந்திப்பில் பார்த்தது

மே கடைசியில் அப்பா, அம்மா, மகள் மூவரும் வந்தார்கள். பள்ளி தன் முகப்புத் தாளில் அச்சிட்டுக் கொடுத்த முடிவு கையில் இருந்தது. கணிதம் ஏ, இயற்பியல் பி, வேதியியல் சி. கூடவே ஏ.எஸ். நிலையில், அதாவது ஏ லெவலின் முதல் ஆண்டு நிலையில், ஆங்கிலப் பொதுத்தாள். அவ்வளவுதான், எண் எதுவும் இல்லை.

அப்பா விண்ணப்பத்தைப் பாதி நிரப்பியே கொண்டுவந்திருந்தார். கணிதம் 95, இயற்பியல் 85, வேதியியல் 75.

“இந்த நம்பர் எங்கிருந்து வந்துச்சுங்க?” என்று கேட்டேன்.

“நெட்ல ஒரு கன்வெர்ட்டர் இருக்குங்க சார். கிரேடைப் போட்டா மார்க் வருது. ரெண்டு மூணு சைட்ல பார்த்தேன், எல்லாத்துலயும் இதேதான்.”

பொய் சொல்லும் எண்ணம் அவருக்குத் துளியும் இல்லை. விண்ணப்பம் எண் கேட்டது, தேடினார், கிடைத்ததைப் போட்டார். மகள் மட்டும் தயங்கித் தயங்கிச் சொன்னாள்: “சார், எங்க ஸ்கூல்ல ஏ-ன்னா எண்பதுல இருந்துன்னு சொல்வாங்க. தொண்ணூத்தஞ்சு வராது.” அவள் சொன்னதுதான் சரி.

அந்தத் தளங்கள் பயன்படுத்தியது அமெரிக்கப் பள்ளிகளில் பரவலாக உள்ள அளவுகோலை. அங்கே ஏ என்பது 90 முதல் 100, பி 80 முதல் 89, சி 70 முதல் 79. நடு எண்ணை எடுத்தால் 95, 85, 75 வரும். கேம்பிரிட்ஜ் ஏ லெவலின் அளவுகோல் வேறு. அங்கே ஏ-வுக்கு மேலே ஏ ஸ்டார் இருக்கிறது. 2010 முதல் ஏ லெவலில் அந்த கிரேடு உண்டு. ஏ ஸ்டார் 90 முதல் 100, ஏ 80 முதல் 89, பி 70 முதல் 79, சி 60 முதல் 69, டி 50 முதல் 59, இ 40 முதல் 49. ஒரே எழுத்து, இரண்டு அளவுகோல், நடுவில் பத்து மதிப்பெண் வித்தியாசம்.

அன்று மேலும் நான்கு விஷயங்கள் கண்ணில் பட்டன. கேம்பிரிட்ஜ் வெளியிடும் அசல் முடிவுத் தாள் குடும்பத்திடம் இல்லை, பள்ளியில் இருந்தது. இந்தப் படிப்பு பிளஸ் டூவுக்குச் சமம் என்று இந்தியப் பல்கலைக்கழகங்களின் கூட்டமைப்பு தரும் சமநிலைச் சான்றுக்கு விண்ணப்பிக்கவில்லை. எட்டாம் வகுப்பு முதல் கர்நாடகத்தில் படித்திருந்தும் நேட்டிவிட்டி எனப்படும் பிறப்பிடச் சான்று வாங்கவில்லை. பத்தாம் வகுப்புக்குச் சமமான ஐ.ஜி.சி.எஸ்.இ. சான்றிதழில் மாணவியின் பெயரோடு அப்பாவின் முழுப் பெயர் இருந்தது. சாதிச் சான்றிலும் ஆதாரிலும் வெறும் இனிஷியல்.

மூன்று கணக்குகள்

பொறியியல் கலந்தாய்வில் தரவரிசைக்காகக் கணக்கிடும் கூட்டு மதிப்பெண்ணான கட்-ஆஃப் 200-க்கு. கணிதம் 100, இயற்பியல் 50, வேதியியல் 50. அப்பா நிரப்பிய எண்களைப் போட்டால் 95 + 42.5 + 37.5, மொத்தம் 175.

அன்றைக்கே எங்கள் குழுவில் ஒருவர், கேம்பிரிட்ஜ் அளவுகோலை வைத்து ஒவ்வொரு கிரேடுக்கும் நடு எண்ணைப் போடலாமே என்றார். ஏ-வுக்கு 85, பி-க்கு 75, சி-க்கு 65. அப்படிப் போட்டால் 85 + 37.5 + 32.5, மொத்தம் 155. கேட்க நியாயமாகத்தான் இருந்தது. யாரையும் ஏமாற்றாத எண். ஆனாலும் அது நாங்கள் உண்டாக்கிய எண். அந்தப் பெண் எழுதிய தேர்வில் இருந்து வந்தது இல்லை.

இங்கேதான் பி.யு.எம். என்று சுருக்கமாகச் சொல்லப்படும் எண் வருகிறது. விரித்தால் பெர்சென்டேஜ் யூனிஃபார்ம் மார்க். கேம்பிரிட்ஜ் தன் முடிவுத் தாளில் கிரேடுக்குப் பக்கத்திலேயே இதை அச்சிடுகிறது. பெயரைப் பார்த்து நூற்றுக்கு வாங்கிய மதிப்பெண் என்று பலரும் நினைக்கிறார்கள். இதைக் கொஞ்சம் விளக்கியே ஆகவேண்டும், ஏனென்றால் குழப்பம் முழுக்க இங்கிருந்துதான் கிளம்புகிறது.

கேள்வித்தாள் ஒவ்வொரு முறையும் ஒரே கடினத்தில் இருக்காது. அதனால் ஒவ்வொரு தேர்வுக்கும் ஒவ்வொரு கிரேடுக்கான எல்லை மதிப்பெண்ணைத் தனியாக நிர்ணயிக்கிறார்கள். ஒரு பாடத்தின் தாள்கள் எல்லாம் சேர்த்து 250 என்று வைத்துக்கொள்வோம். அந்த முறை தாள் கடினம், ஏ-வுக்கு 175 போதும் என்று எல்லை வைத்தால், சரியாக 175 எடுத்தவர் நூற்றுக்கு எழுபதுதான் எடுத்திருக்கிறார். ஆனால் அவருடைய பி.யு.எம். 80. எல்லையைத் தொட்டால் ஏ-வுக்கு 80, பி-க்கு 70, சி-க்கு 60 என்று நிலையான எண் கிடைக்கும். இரண்டு எல்லைக்கும் நடுவில் இருப்பவருக்கு அந்த விகிதத்தில் எண் கிடைக்கும். ஏ ஸ்டார் எல்லையைத் தொட்டவருக்கு 90, ஒரு மதிப்பெண்கூட இழக்காதவருக்கு 100, இரண்டுக்கும் சரிபாதியில் இருப்பவருக்கு 95. ஆக, தாள் கடினமாக இருந்த ஆண்டையும் எளிதாக இருந்த ஆண்டையும் ஒரே தட்டில் வைத்துப் பார்க்க இந்த எண் உதவுகிறது. அதோடு, ஒரு கிரேடுக்குள் மாணவர் எங்கே நிற்கிறார் என்பதையும் அது காட்டிவிடுகிறது. அது தெரியாமல் நடு எண்ணைப் போட்டால், எண்பதைத் தொட்டவரும் எண்பத்தொன்பதில் நின்றவரும் ஒன்றாகிவிடுவார்கள்.

பள்ளியிடம் கேட்டு முடிவுத் தாளை வாங்கியபோது இருந்த எண்கள்: கணிதம் 88, இயற்பியல் 79, வேதியியல் 67. கணக்கிட்டால் 88 + 39.5 + 33.5, மொத்தம் 161. மூன்று பாடத்திலும் கிரேடின் மேல் ஓரத்தில் நின்றிருந்தாள். இயற்பியலில் ஒரே ஒரு எண்ணில் ஏ தவறியிருந்தது.

175, 155, 161. முதல் எண் சரிபார்ப்பில் நிற்காது. இரண்டாவது எண் அவளுக்கு உரியதில் ஆறு மதிப்பெண்ணைப் பிடுங்கியிருக்கும். கட்-ஆஃப் 155-க்கும் 161-க்கும் நடுவில் பல்லாயிரம் பிள்ளைகளின் பெயர் வரும் கலந்தாய்வு இது; ஆறு மதிப்பெண்ணில் கல்லூரியே மாறும், பிரிவே மாறும்.

முடிவுகளும் காரணங்களும்

முதல் முடிவு, விண்ணப்பத்தில் பி.யு.எம். எண்ணைத் தவிர வேறு எதையும் போடுவதில்லை என்பது. காரணம் எளிமையானது. விடைத்தாளைத் திருத்திய அமைப்பே தன் கையால் அச்சிட்ட எண் அது. சரிபார்ப்பில் யார் கேட்டாலும் தாளை நீட்டலாம். கன்வெர்ட்டர் தந்த எண்ணுக்குப் பின்னால் எந்தக் கையெழுத்தும் இல்லை. எங்கள் நடு எண்ணுக்கும் இல்லை.

அப்பாவுக்கு இதை ஏற்பது கடினமாக இருந்தது. 175-ஐ மனதில் வைத்துக் கல்லூரிப் பட்டியலே தயார் செய்துவிட்டார். “பதினாலு மார்க் போகுதுங்களே சார். அவங்க கேட்டா அப்புறம் மாத்திக்கலாமே?” என்றார். மாற்றிக்கொள்ளலாம் என்று நினைத்துத் தவறான எண்ணைக் கொடுப்பதில் இருக்கும் ஆபத்தை விளக்கினோம்: சரிபார்ப்பில் எண் பொருந்தாவிட்டால் விண்ணப்பம் நிறுத்தப்படும், விளக்கம் கேட்கப்படும், தரவரிசை வெளியாகும் நாளில் பிள்ளையின் பெயர் தொங்கிக்கொண்டிருக்கும். கடைசியில் அம்மாதான் சொன்னார்: “அவ எழுதினது என்னவோ அதைப் போடுங்கண்ணா. அதுல கிடைக்கிறது போதும்.” எண் அன்றைக்கு முடிவானது.

இரண்டாவதாக, சமன்படுத்தும் விதியை நம்பி எந்தத் திட்டமும் போடவேண்டாம் என்று சொன்னோம். நுழைவுத் தேர்வை நீக்கி 2006-இல் இயற்றப்பட்ட தமிழ்நாட்டுச் சட்டத்தின்படி, தொழிற்கல்விச் சேர்க்கையில் வெவ்வேறு வாரியங்களின் மதிப்பெண்கள் சமன்படுத்தப்படுகின்றன. மாநில வாரியத்தில் ஒரு பாடத்தின் முதல் மதிப்பெண் 100, மற்ற வாரியத்தில் அதே பாடத்தின் முதல் மதிப்பெண் 90 என்றால், இரண்டும் 100-க்குச் சமம்; அந்த மற்ற வாரியத்தில் 60 எடுத்தவருக்கு 66.66 ஆகும். இதை யாரோ சொல்லக் கேட்டு, மகளுக்கும் ஏழெட்டு மதிப்பெண் கூடும் என்று அப்பா கணக்குப் போட்டிருந்தார். விதி ஒப்பிடுவது முதல் மதிப்பெண்களை. மற்ற வாரியத்திலும் முதல் மதிப்பெண் 100-ஐ ஒட்டி இருந்தால், கூடுவதற்கு எதுவும் இருக்காது. ஆகவே 161 என்றே வைத்துக் கல்லூரிகளைப் பாருங்கள், கூடினால் அது வரவு என்றோம்.

மூன்றாவது, சமநிலைச் சான்று. 1925-இல் தொடங்கப்பட்ட இந்தியப் பல்கலைக்கழகங்களின் கூட்டமைப்பு டெல்லியில் இருக்கிறது. வெளிநாட்டு வாரியங்களின் படிப்பு இங்கே எதற்குச் சமம் என்று சொல்லும் அமைப்பு அது. ஐ.ஜி.சி.எஸ்.இ.-யில் ஆங்கிலத்தோடு ஐந்து பாடங்களில் சி அல்லது அதற்கு மேல், அதன்மேல் ஏ லெவல் பாடங்கள் என்பது பொதுவாகப் பார்க்கப்படும் அடிப்படை. மாணவியிடம் இரண்டும் இருந்தன. உடனே விண்ணப்பிக்கவைத்தோம். கலந்தாய்வுக்கு இது தேவைப்படுமோ படாதோ, சேரும் கல்லூரியும் அதன் பல்கலைக்கழகமும் தகுதிச் சான்று கொடுக்கும் கட்டத்தில் இதைக் கேட்க வாய்ப்பு அதிகம். இங்கே பெற்றோர் பலரும் குழம்பும் இடம் ஒன்று உண்டு. இந்தப் படிப்பு பிளஸ் டூவுக்குச் சமம் என்று சொல்வது ஒரு வேலை. இந்த கிரேடுக்கு இத்தனை மதிப்பெண் என்று சொல்வது வேறு வேலை. சமநிலைச் சான்று வந்துவிட்டால் மதிப்பெண்ணும் அதில் இருக்கும் என்று காத்திருக்கக் கூடாது.

அக்டோபர்–நவம்பரில் வேதியியலை மட்டும் மறுபடி எழுதி, அடுத்த ஆண்டு விண்ணப்பிக்கலாமா என்ற கேள்வியும் வந்தது. வேதியியலில் பத்து எண் கூடினாலும் கட்-ஆஃபில் ஐந்துதான் கூடும். அதற்கு ஓர் ஆண்டைக் கொடுப்பது அந்தக் குடும்பத்தின் நிலைக்குச் சரியாகப் படவில்லை. மாணவியும் விரும்பவில்லை.

சான்றிதழ் அலைச்சல்

எட்டு முதல் பன்னிரண்டு வரை தமிழ்நாட்டில் படித்தவர்களுக்கு நேட்டிவிட்டி தேவையில்லை. இந்த மாணவிக்குத் தேவை. வீடு ஓசூரில், ரேஷன் அட்டை ஓசூரில், பிறந்தது தருமபுரியில். ஆனால் ஐந்து ஆண்டும் படித்தது எல்லைக்கு அந்தப் பக்கம். ஓசூர்க் குடும்பங்கள் அடிக்கடி மறந்துபோகும் விஷயம் இது. தினமும் வீட்டுக்கு வந்து சாப்பிட்டுத் தூங்கும் பிள்ளை வெளிமாநிலத்தில் படித்ததாக யாருக்கும் தோன்றுவதில்லை.

அப்பா அவசரத்தில் இ-சேவை மையத்தில் விண்ணப்பித்து ஒரு சான்றோடு வந்தார். பார்த்தால் அது இருப்பிடச் சான்று. கேட்டது பிறப்பிடச் சான்று. இரண்டும் வருவாய்த் துறை தருவதுதான், இரண்டுக்கும் கேட்கும் தாள்களும் கிட்டத்தட்ட ஒன்றுதான். ஆனால் ஒன்றுக்குப் பதில் மற்றது செல்லாது. மறுபடி விண்ணப்பித்து, கிராம நிர்வாக அலுவலர், வருவாய் ஆய்வாளர், வட்டாட்சியர் என்று படியேறி வர நேரம் பிடித்தது. அப்பாவின் பள்ளி மாற்றுச் சான்றிதழைப் பாலக்கோட்டில் பெரியப்பா வீட்டு டிரங்குப் பெட்டியில் இருந்து தேடி எடுத்துக் கொடுத்ததும் வேலை வேகமாக நடந்தது. பெற்றோர் தமிழ்நாட்டில் படித்ததற்கான தாள் இந்த வேலையில் எவ்வளவு கைகொடுக்கும் என்பதை அன்றைக்கு நன்றாகப் பார்த்தோம்.

பள்ளியிடமும் ஒரு கோரிக்கை வைத்தோம். முடிவுத் தாளின் நகலில் முதல்வர் கையொப்பமும் முத்திரையும். கூடவே ஒரு கடிதம். அந்தக் கடிதத்தில் மூன்று செய்திகள் மட்டும்: தேர்வு எழுதிய மாதமும் ஆண்டும், பாடவாரியாக கிரேடும் பி.யு.எம். எண்ணும், மாணவியின் பெயர் இரண்டு விதமாக எழுதப்பட்டாலும் ஒரே நபர்தான் என்ற உறுதி. பள்ளி முதலில் கொடுத்த கடிதத்தில் அவர்களாகவே ‘மொத்தச் சதவீதம் 77’ என்று ஆங்கிலப் பொதுத்தாளையும் சேர்த்துச் சராசரி போட்டிருந்தார்கள். நல்லெண்ணத்தில் செய்ததுதான். ஆனாலும் கலந்தாய்வுக்கு அந்த எண்ணுக்கு வேலையே இல்லை; மூன்று பாடங்களின் சராசரி போட்டால் 78 வரும், நான்கு போட்டால் 77 வரும், பார்க்கிற அலுவலருக்குக் குழப்பம்தான் மிஞ்சும். அந்த வரியை எடுத்துவிட்டு மறுபடி தரும்படி கேட்டோம், தந்தார்கள்.

சரிபார்ப்பு

சான்றிதழ் சரிபார்ப்பின்போது எதிர்பார்த்தபடியே விளக்கம் கேட்டார்கள். மாணவியும் அப்பாவும் சேவை மையத்துக்கு நேரில் போனார்கள். சரிபார்த்த அலுவலர் பொறுமையானவர். ‘மார்க் ஷீட்டில் ஏ, பி, சி-தானே இருக்கிறது, இந்த 88 எங்கிருந்து வந்தது’ என்பதே அவருடைய முதல் கேள்வி. முடிவுத் தாளைக் காட்டி, கிரேடுக்கு அடுத்த கட்டத்தில் இருந்த எண்ணை மாணவியே விளக்கினாள். பள்ளியின் கடிதத்திலும் அதே எண் இருந்தது. தாளில் இருந்த எண்ணும் விண்ணப்பத்தில் இருந்த எண்ணும் பொருந்தியதால் மேற்கொண்டு கேள்வி இல்லை. ஐ.ஜி.சி.எஸ்.இ. பாடங்களைப் பார்த்தார், நேட்டிவிட்டியைப் பார்த்தார், ஏற்றுக்கொண்டார்.

அதே நாளில் அங்கே இன்னொரு குடும்பமும் இருந்ததாக மாணவி வந்து சொன்னாள். அந்தப் பையனும் ஏ லெவல்தான். எண்ணைக் கன்வெர்ட்டரில் எடுத்துப் போட்டிருக்கிறார்கள், ஆதாரத் தாள் கேட்கப்பட்டபோது கணினியில் எடுத்த அச்சுப்படியை நீட்டியிருக்கிறார்கள். அதற்குப் பிறகு என்ன ஆனது என்று எங்களுக்குத் தெரியவில்லை. ஆனால் வீடு திரும்பிய அப்பா அன்று மாலை எங்களிடம் 175-ஐப் பற்றி ஒரு வார்த்தையும் பேசவில்லை.

தரவரிசையும் இடமும்

தரவரிசைப் பட்டியலில் அவளுடைய கட்-ஆஃப் 161 என்றே வந்தது. சமன்படுத்தியதில் எதுவும் கூடவில்லை. முதலிலேயே அந்த எண்ணை வைத்துக் கல்லூரிப் பட்டியல் போட்டிருந்ததால் அதிர்ச்சியும் இல்லை.

விருப்பப் பட்டியலில் முந்தைய ஆண்டு இடம் நிரம்பிய கட்-ஆஃபைப் பார்த்து, 161-க்கு மேலே சில கல்லூரிகள், ஒட்டி நிறைய, கீழே சில என்று வரிசைப்படுத்தினோம். அரசுக் கல்லூரி முதல் விருப்பம், அது கிடைக்கவில்லை. சேலம் பக்கம் ஒரு சுயநிதிக் கல்லூரியில் மின்னணுவியல் தொடர்பியல் கிடைத்தது. ஊரில் இருந்து போய்வரும் தூரம் இல்லை, விடுதிதான். ஆனால் நிர்வாக ஒதுக்கீட்டுக்கு முன்பு அப்பா விசாரித்து வைத்திருந்த தொகையோடு பார்த்தால், அரசு நிர்ணயித்த கட்டணத்தில் படிப்பது அந்தக் குடும்பத்துக்கு மூச்சுவிட இடம் கொடுத்தது.

155 போட்டிருந்தால் அந்தப் பிரிவு அந்தக் கல்லூரியில் கிடைத்திருக்காது. அவளுடைய சமூகப் பிரிவில் அந்த இடம் அந்த ஆண்டு எதோடு முடிந்தது என்று பிறகு பார்த்தோம். 155-ஐவிட மேலே முடிந்திருந்தது.

சேர்க்கையன்று பெயர்ச் சிக்கல் தலைதூக்கியது. எதிர்பார்த்தே நோட்டரியிடம் உறுதிமொழிப் பத்திரம் எடுத்து வைத்திருந்தோம். அதையும் பள்ளிக் கடிதத்தையும் சேர்த்துக் கொடுத்ததும் ஏற்றுக்கொண்டார்கள். நம் ஊர் வழக்கத்தில் இனிஷியலோடு பெயர் வைத்துக்கொள்வதும், வெளிநாட்டு வாரியங்கள் இனிஷியலை விரித்து அப்பா பெயரைக் குடும்பப் பெயராக்கிவிடுவதும் இப்படி மோதிக்கொண்டே இருக்கும். தேர்வுக்குப் பெயர் பதிவு செய்யும்போதே ஆதாரில் உள்ளபடி கொடுத்துவிட்டால் இந்த வேலையே இல்லை. சமநிலைச் சான்று ஜூலையில் வந்துவிட்டிருந்தது; தகுதிச் சான்றுக்காகக் கல்லூரி அதைத்தான் முதலில் கேட்டது.

இப்போது அவள் மூன்றாம் ஆண்டு. முதல் பருவத்தில் பொறியியல் வரைபடம் மட்டும் சிரமப்படுத்தியது, மற்றதில் நன்றாகவே வருகிறாள்.

மாற்றிக்கொண்டவை

இந்த நிகழ்வுக்குப் பிறகு எங்கள் குழுவில் ஒரு நடைமுறை வைத்திருக்கிறோம். சர்வதேசப் பாடத்திட்டப் பிள்ளை யார் வந்தாலும், வாரியத்தின் முடிவுத் தாளைக் கண்ணால் பார்க்காமல் விண்ணப்பத்தில் ஓர் எண்ணும் போடுவதில்லை. பெற்றோர் எவ்வளவு அவசரப்பட்டாலும் சரி. மற்ற கட்டங்களை நிரப்பி வைத்துவிட்டு, அந்தக் கட்டத்தைக் காலியாக விட்டுவிடுவோம்.

நேட்டிவிட்டி, சாதிச் சான்று, பெற்றோரின் பள்ளிச் சான்று ஆகிய மூன்றையும் தேர்வு முடிந்த கையோடு, முடிவுக்குக் காத்திருக்காமல் வாங்கிவைக்கச் சொல்கிறோம். மே மாதத்தில் இ-சேவை மையங்களில் நிற்கும் கூட்டத்தைப் பார்த்தவர்களுக்குக் காரணம் சொல்லவேண்டியதில்லை.

ஐ.பி. படிக்கும் பிள்ளைகளுக்குச் சொல்வது கொஞ்சம் வேறு. அங்கே கிரேடு 1 முதல் 7 வரை, மொத்தம் 45 புள்ளி. டிப்ளமாவுக்கு 24 புள்ளியாவது வேண்டும். மே தேர்வின் முடிவு ஜூலை முதல் வாரத்தில்தான் வரும். விண்ணப்பத் தேதி பெரும்பாலும் அதற்கு முன்பே முடிந்துவிடுகிறது. ஆகவே கலந்தாய்வை மட்டும் நம்பியிருக்காமல், தாமதமாக முடிவு வருவதை ஏற்கும் கல்லூரிகளையும் இணையாகப் பார்த்து வைக்கச் சொல்கிறோம். பள்ளி தரும் உத்தேச கிரேடை விண்ணப்பத்தில் மதிப்பெண்ணாகப் போடலாமா என்று கேட்கிறார்கள். கூடாது. அது ஆசிரியரின் கணிப்பு, தேர்வின் முடிவு இல்லை.

எல்லாவற்றையும்விடப் பெரிய மாற்றம் பதினொன்றாம் வகுப்பில் தேவைப்படுகிறது. இந்த மாணவி கணிதம், இயற்பியல், வேதியியல் மூன்றையும் ஏ லெவல் வரை படித்திருந்ததால் தப்பித்தாள். அவளுடைய வகுப்பிலேயே இரண்டு பேர் வேதியியலை ஏ.எஸ். நிலையோடு, அதாவது முதல் ஆண்டோடு, விட்டுவிட்டுப் பொருளியல் எடுத்திருந்தார்கள். வெளிநாட்டுப் பல்கலைக்கழகத்துக்கு அது சரியான தேர்வாக இருக்கலாம். ஆனால் இங்கே பொறியியலுக்கு மூன்று பாடமும் பன்னிரண்டாம் வகுப்பு நிலையில் பார்க்கப்படுகின்றன. பாடமே முழுதாக இல்லாதபோது எந்த மாற்றுக் கணக்கும் உதவாது. பள்ளிகள் பதினொன்றாம் வகுப்புச் சேர்க்கையின்போதே, ‘ஒருவேளை தமிழ்நாட்டில் படிக்க நேர்ந்தால்’ என்ற கேள்வியைப் பெற்றோரிடம் வைக்கவேண்டும். வெளிநாட்டுத் திட்டம் உறுதியாக இருக்கும் குடும்பங்களிலும் பட்டறையில் ஆர்டர் குறையலாம், விசா மறுக்கப்படலாம், தாத்தா பாட்டிக்கு உடம்பு சரியில்லாமல் போகலாம்.

ஓசூர்ப் பிள்ளைகள் அதிகம் படிக்கும் இரண்டு பள்ளிகளுக்கு எழுதினோம். கேட்டது ஒன்றுதான்: தமிழ்நாட்டுப் பிள்ளைகளுக்கு மாற்றுச் சான்றிதழ் கொடுக்கும்போதே, பி.யு.எம். எண்ணோடு கூடிய முடிவுத் தாளின் சான்றொப்பமிட்ட நகலையும் கையில் கொடுத்து அனுப்புங்கள். ஒரு பள்ளி அந்த ஆண்டு முதலே செய்கிறது. இன்னொன்றிடம் இருந்து பதில் வரவில்லை. அடுத்த பெற்றோர் கூட்டத்தில் இதைப் பேச, அங்கே பிள்ளை படிக்கும் ஒரு தகப்பனார் ஒப்புக்கொண்டிருக்கிறார்.